முட்டுக் கொடுத்த லாரி

சாலமன் அண்ணனின் வலது கால் வேனின் தரையில் போய் இடிப்பதைப் பார்த்தேன்.

பிரேக்கை மிதித்தால் பெடல் பாதியில் நிற்க வேண்டும். வண்டி ஓட்டத் தெரியாத எனக்கே அது தெரியும். அன்று அவர் மிதித்த மிதி, சேற்றில் கால் வைத்தது போலப் பொதக்கென்று உள்ளே போனது. செருப்பு நுனி தகட்டில் பட்டு ‘டக்’ என்றது. காலை எடுத்து மறுபடி மிதித்தார். டக். இன்னொரு முறை. டக்.

பின்னால் எல்லோரும் கைதட்டிப் பாடிக்கொண்டிருந்தார்கள். கை நிறையக் கண்ணாடி வளையல் இருந்தால் கைதட்டலுக்கே தனி ஓசை வந்துவிடும். சந்தன வாசனை, மல்லிகை வாசனை, யாரோ மடியில் கட்டி வைத்திருந்த புளிசாதத்தின் வாசனை. ஜன்னலுக்கு வெளியே பேரணாம்பட்டு மலை மூன்று மணி வெயிலில் காய்ந்துகொண்டிருந்தது.

சாலமன் அண்ணன் என் பக்கம் தலையைத் திருப்பாமல், உதட்டைக்கூடச் சரியாக அசைக்காமல் சொன்னார்.

“டீச்சர். சத்தம் போடாத. பிரேக் போய்ட்ச்சு.”

வளைகாப்புக்குப் போன வேன்

அந்த ஞாயிற்றுக்கிழமை நாங்கள் வி.கோட்டாவில் ஒரு வளைகாப்புக்குப் போய்விட்டு ஆம்பூர் திரும்பிக்கொண்டிருந்தோம். எங்கள் ஷூ கம்பெனியில் தையல் லைனில் இருந்த பெண்ணுக்கு ஏழாம் மாசம். ஆந்திர எல்லையைத் தாண்டி வாழ்க்கைப்பட்டவள். “நம்ம லைன் ஆளுங்க வரலைன்னா நான் மணையில உக்கார மாட்டேன்” என்று போனில் அழுதுவிட்டாள். விடுவோமா? என்னோடு சேர்த்து இருபத்தோரு பெண்கள் கிளம்பிவிட்டோம்.

வேன் புதிதல்ல. தினமும் எங்களைக் கம்பெனிக்கு ஏற்றி வருகிற அதே வெள்ளை வேன். சாலமன் அண்ணன் ஐம்பதைத் தாண்டியவர். வண்டியை எடுக்கும்முன் ஸ்டியரிங்கைத் தொட்டுச் சிலுவை போட்டுக்கொள்வார். சமதரையிலேயே நாற்பதுக்கு மேல் போகமாட்டார். “இவரு வண்டியில ஏறினா எறங்கறதுக்குள்ள ரிட்டயர்மெண்டு வந்துடும்” என்று கன்னியம்மாக்கா தினமும் திட்டுவாள். கன்னியம்மாக்காதான் எங்கள் லைனிலேயே மூத்தவள். அவள் குரலுக்கு மெஷின் சத்தம் அடங்கிப்போகும்.

எனக்கு மலைப்பாதை என்றால் வயிற்றைப் புரட்டும். அதனால் முன்னால், டிரைவருக்குப் பக்கத்து சீட்டைக் கொடுத்திருந்தார்கள். அப்படித்தான் அந்தக் காலைப் பார்த்தேன். பின்னால் இருந்தவர்கள் யாரும் பார்க்கவில்லை.

ஏன் டீச்சர்?

சென்ற வாரங்களில் இந்தத் தொடரைப் படித்துவிட்டு குடியாத்தத்திலிருந்து ஒரு வாசகி எழுதிக் கேட்டிருந்தார்: “நீங்கள் ஷூ கம்பெனியில் குவாலிட்டி செக்கிங்தானே பார்த்தீர்கள், உங்களை ஏன் எல்லோரும் டீச்சர் என்று கூப்பிடுகிறார்கள்?”

நான் எம்.எஸ்சி. இயற்பியல். வேலூரில் படித்தேன். டீச்சர் வேலைக்கு அலைந்து பார்த்தேன், அமையவில்லை. கம்பெனியில் சேர்ந்த முதல் நாள் படிப்பு என்ன என்று சூப்பர்வைசர் எல்லோர் முன்பும் கேட்டார். சொன்னேன். “அப்ப டீச்சரா போவாம இங்க இன்னா பண்ற?” என்றார். லைன் முழுக்கச் சிரித்தது. அன்றிலிருந்து டீச்சர்.

கேலியாக ஆரம்பித்த பெயர், போகப் போகச் செல்லமாகிவிட்டது. எனக்குத்தான் அது ஒவ்வொரு தடவையும் ஊசி மாதிரி எங்கோ குத்தும். தைத்து வரும் ஷூவின் மேல்தோலைத் திருப்பித் திருப்பிப் பார்த்து, தையல் விட்ட இடத்தில் சிவப்பு அம்புக்குறி ஸ்டிக்கர் ஒட்டுவது என் வேலை. அதற்கு நியூட்டன் எதற்கு?

இயற்பியல்மேல் எனக்குப் பைத்தியம் பிடித்தது எப்படி என்று சொல்ல வேண்டும். நாங்கள் சிறுவயதில் ஜோலார்பேட்டையில் ரயில்வே யார்டுக்குப் பக்கத்தில் குடியிருந்தோம். கூட்ஸ் பெட்டிகளைக் கோக்க வரும் இன்ஜின், நிற்கிற வரிசையில் முதல் பெட்டியை வந்து தட்டும். தட்டினதும் ‘டங்’. அது அடுத்த பெட்டிக்குப் போகும், ‘டங்’. அப்படியே டங், டங், டங் என்று அந்தக் கோடி வரைக்கும் சத்தம் ஓடும். அடி வாங்கியது முதல் பெட்டி. யாருமே தொடாத கடைசிப் பெட்டி கொஞ்சம் கழித்து அசைந்து கொடுக்கும்.

அந்த அசைவைப் பார்க்கிறதுக்காகவே ஓடுவேன். இங்கே தட்டினது அங்கே எப்படிப் போனது? நடுவில் எதன் வழியாகப் போனது? பத்தாம் வகுப்பில் ‘உந்தம்’ என்று ஒரு சொல் வந்தது. ஒரு பொருளின் நிறையை அதன் வேகத்தால் பெருக்கினால் வருவது. இரண்டு பொருள் மோதினால் ஒன்று இழக்கிறது, மற்றது பெறுகிறது, மொத்தம் மாறுவதில்லை. புத்தகத்தில் அந்த வரியைப் படித்தபோது காதுக்குள் டங், டங் என்று கேட்டது. பென்சிலால் சுற்றி வட்டம் போட்டேன்.

சரி, வேனுக்கு வருகிறேன். அது நிற்கவில்லை.

ஹாரன் அடிக்காதீங்க

சாலமன் அண்ணன் இடது கையால் ஹேண்ட் பிரேக்கைப் பிடித்து இழுத்தார். கருகல் வாடை வந்தது, வேகம் கொஞ்சம்தான் மட்டுப்பட்டது. மூன்றாவது கியரிலிருந்து இரண்டாவதுக்கு இறக்கப் பார்த்தார். ‘கர்ர்ர்’ என்று கத்தியது, விழவில்லை. நியூட்ரலில் மாட்டிக்கொண்டால் அவ்வளவுதான் என்று மறுபடி மூன்றாவதிலேயே தள்ளினார். இன்ஜின் அலறியது. பாட்டுச் சத்தத்தில் அதையும் யாரும் கவனிக்கவில்லை.

எங்கள் இடது பக்கம் பள்ளம். வெள்ளையடித்த கற்கள்தான் தடுப்பு. வலது பக்கம் மலை. மலையோரமாக உரசி நிறுத்தலாம் என்று அவர் ஸ்டியரிங்கை லேசாக வலப்பக்கம் ஒடித்தார். எதிரே ஒரு பஸ் ஏறி வந்தது. திரும்ப இடப்பக்கமே வந்துவிட்டார். அதன் பின்னாலேயே கார், அதன் பின்னால் டிராக்டர். ஞாயிற்றுக்கிழமை இல்லையா.

அப்போதுதான் வளைவு திரும்பியது. முன்னால், தூரத்தில், ஒரு லாரி.

தார்ப்பாய் போட்டு மூடிய தோல் லாரி. மாட்டுத் தோலை உப்புப் போட்டு அடுக்கி ஆம்பூர், பேரணாம்பட்டு மண்டிகளுக்கு எடுத்துப் போகிறவை. அடியில் உப்புத் தண்ணீர் சொட்டிக்கொண்டே போகும். எங்கள் ஊர்ப் பக்கம் கண்ணை மூடிக்கொண்டே, நாற்றத்தை வைத்தே அந்த லாரியைச் சொல்லிவிடலாம். அது இருபதில் ஊர்ந்துகொண்டிருந்தது. நாங்கள் நாற்பதைத் தாண்டிவிட்டோம்.

சாலமன் அண்ணன் ஹாரனில் கையை வைத்து அழுத்தினார். எடுக்கவே இல்லை.

லாரிக்காரர் என்ன நினைப்பார்? வேன்காரன் அவசரமாக முந்தப் பார்க்கிறான், போகட்டும் என்று நினைப்பார். அப்படியே நினைத்தார். இண்டிகேட்டர் போட்டார், இடது ஓரமாக ஒதுங்கினார், எங்களுக்கு வழி விடுவதற்காக இன்னும் மெதுவாகப் போனார். நல்ல மனுஷன் செய்கிற காரியம். ஆனால் எதிரே வண்டி வரிசை. முந்த வழியே இல்லை. அவர் நல்லது செய்யச் செய்ய நாங்கள் அவர்மேல் போய் விழுந்துகொண்டிருந்தோம்.

“அண்ணே, ஹாரன் அடிக்காதீங்க!”

“இன்னா சொல்ற நீ?”

“நீங்க அடிக்க அடிக்க அவரு ஸ்பீடு கம்மி பண்றாரு. அவரு வேகமா போவணும். நம்ம வேகத்துக்கு வரணும்!”

அவர் கையை எடுத்துவிட்டார். ஏன் என்று கேட்கவில்லை. கேட்டிருந்தால் அந்த நொடியில் எனக்கு விளக்கத் தெரிந்திருக்காது.

எனக்குத் தோன்றியது இவ்வளவுதான். நிற்கிற லாரியில் ஐம்பதில் போய் மோதினால் ஐம்பதில் அடிபடுவோம். நாற்பத்தைந்தில் ஓடுகிற லாரியை ஐம்பதில் போய்த் தொட்டால், ஐந்தில் தொடுகிற மாதிரிதான். நடந்துபோய்ச் சுவரில் கை வைக்கிற வேகம். அப்புறம் ஒட்டிக்கொள்ளலாம். ஒட்டிக்கொண்டபின் அவருடைய பிரேக் எங்கள் பிரேக்.

பின்பலகையில் ஒரு நம்பர்

லாரியின் பின்பலகையில் மஞ்சள் பெயிண்டில் இரண்டு போன் நம்பர் எழுதியிருந்தது. எனக்கு அந்தத் தூரத்தில் எல்லாமே புழுவாகத் தெரிந்தது.

“செல்வி! இங்க வாடி!”

செல்வி எனக்கு எதிர் டேபிளில் செக்கிங் செய்பவள். கறுப்புத் தோலில் கறுப்பு நூல் ஒரு தையல் விட்டிருந்தாலும் எட்ட நின்று சொல்லிவிடுவாள். எழுந்து தள்ளாடி வந்தாள்.

“அந்த நம்பர படி. மேல இருக்கறது.”

“எதுக்கு டீச்சர்? லாரிக்காரர் மேல இன்னா லவ்வா?” என்று சிரித்தவள் என் முகத்தைப் பார்த்தாள், சாலமன் அண்ணனின் முகத்தைப் பார்த்தாள். சிரிப்பு நின்றது. கண்ணைச் சுருக்கி ஒவ்வொரு எண்ணாகச் சொன்னாள். அவசரத்தில் ஒருமுறை தப்பாக அடித்து அழித்து மறுபடி அடித்தேன்.

ஒரு பெண் குரல் எடுத்தது. “தோல் மண்டி. யாரு?”

“அம்மா, உங்க லாரி பேரணாம்பட்டு மலை எறங்குது. அதுக்குப் பின்னாடி வேன்ல இருக்கோம். எங்களுக்கு பிரேக் இல்ல. டிரைவர்கிட்ட பேசணும்.”

ஒரு மூச்சு நேரம்தான். “கீழ இருக்கறது தண்டபாணி நம்பர். அதுக்கு அடிம்மா. நான் அவன கூப்பிட்டா உனக்கு லைன் கெடைக்காது, நான் கூப்பிட மாட்டேன். வை, வை!”

இன்றைக்கு நினைத்தாலும் அந்த அம்மாவின் புத்தியை வியக்கிறேன். பதறிப்போய் அவரும் கூப்பிட்டிருந்தால் கதை வேறு.

செல்வி இரண்டாவது நம்பரைச் சொன்னாள். மூன்றாவது மணியில் எடுத்தார். பின்னணியில் ரேடியோ பாடியது.

“ஆங், சொல்லு.”

“அண்ணே, உங்க பின்னாடி வர்ற வெள்ளை வேன் நாங்கதான். பிரேக் இல்ல. நிறுத்தாதீங்க. வேகமா போங்க!”

“இன்னாது?”

“வேகமா போங்கண்ணே! நீங்க நின்னா நாங்க வந்து மோதி செத்துடுவோம். எங்க ஸ்பீடுக்கு நீங்க வந்துட்டீங்கன்னா, மெதுவா வந்து உங்க மேல சாஞ்சிக்கறோம். அப்பறம் நீங்க பிரேக் புடிங்க. ரெண்டு வண்டிக்கும் சேத்து.”

ரேடியோ நின்றது. எங்களுக்கும் லாரிக்கும் நடுவில் இருந்த ரோடு குறைந்துகொண்டே வந்தது.

“எத்தினி பேரு?”

“இருபத்திரண்டு.”

“வண்டியோட இன்னா வெயிட்டு வரும்?”

“அஞ்சு டன்னு!” என்று சாலமன் அண்ணன் கத்தினார்.

“நான் பதினாறு டன்னு. தாங்கும்” என்றார் அவர். இண்டிகேட்டர் அணைந்தது. லாரியின் அடியிலிருந்து கரும்புகை குப்பென்று கிளம்பியது.

மலை இறங்கும்போது பதினாறு டன் பாரத்தோடு ஆக்சிலேட்டரை மிதிப்பது என்றால் என்ன என்று டிரைவர்களுக்குத் தெரியும். அவர் மிதித்தார்.

நீட்டு ரோடு

போனை ஸ்பீக்கரில் போட்டேன். தண்டபாணி அண்ணன் பேசிக்கொண்டே வந்தார். குரலில் பதற்றமே இல்லை. மார்க்கெட்டுக்கு வழி சொல்கிற குரல்.

“இனிமே சின்ன வளைவு ரெண்டு இருக்குது. அதுல தொடக்கூடாது. ஓரத்துல முட்டினா நான் ஒரு பக்கம், நீங்க ஒரு பக்கம் போவோம். ரெண்டு பேருக்கும் பள்ளம்தான். அதுக்கப்பறம் நீட்டு ரோடு. அதுலதான் தொடணும், நட்ட நடுவுல. நீட்டு ரோடு முடிஞ்சா கொண்டை ஊசி.”

“கொண்டை ஊசிக்கு முன்னாடி நின்னுடுவோமா?” என்று கேட்டேன்.

“நிக்கணும்” என்றார்.

நான் பின்னால் திரும்பினேன். பாட்டு எப்போதோ நின்றிருந்தது. பத்தொன்பது முகமும் என்னையே பார்த்தன. செல்வி எனக்குப் பக்கத்தில் கம்பியைப் பிடித்து நின்றாள்.

வேன் நின்றாலும் உள்ளே இருக்கிற நாங்கள் நிற்கமாட்டோம். எங்களுக்குள்ளும் அதே வேகம் இருக்கிறது, அது முன்னால்தான் தள்ளும். “எல்லாரும் சீட்ட விட்டு கீழ எறங்குங்க. முன் சீட்டோட முதுகுல உங்க முதுகு ஒட்டணும். மொகம் பின்னாடி பாத்து. தலைய கையால புடிச்சிக்கோங்க” என்றேன். என் குரல் எனக்கே புதிதாகக் கேட்டது.

இரண்டு பேர் அழ ஆரம்பித்தார்கள். ஒருத்தி கதவைத் திறந்து குதிக்கிறேன் என்றாள்.

“டீச்சர் சொல்லுது இல்ல! மூடிக்கினு உக்காருங்கடி!” கன்னியம்மாக்காவின் குரல். கதவுக்குப் போனவளின் பின்னலைப் பிடித்து இழுத்துத் தன் பக்கத்தில் உட்கார வைத்துக்கொண்டாள். எல்லோரும் இறங்கி உட்கார்ந்தார்கள். செல்வியும் போய்ச் சேர்ந்துகொண்டாள்.

“நீயும் போ” என்றார் சாலமன் அண்ணன்.

“போன் யாரு புடிப்பாங்க?”

“அப்ப கீழ உக்காரு.”

சீட்டுக்கு முன்னால் இருந்த இடுக்கில் இறங்கி, முதுகை டாஷ்போர்டுக்குக் கீழே ஒட்டிவைத்து உட்கார்ந்தேன். அதற்குப் பிறகு நடந்ததை நான் ரோட்டில் பார்க்கவே இல்லை. சாலமன் அண்ணனின் முகத்தில்தான் பார்த்தேன்.

முதல் வளைவில் அவர் கழுத்து நரம்பு புடைத்தது. இரண்டாவதில் டயர் கிரீச்சிட்டது, நாங்கள் எல்லோரும் ஒரு பக்கமாகச் சரிந்தோம். கீழே கற்கள் தெறித்து விழும் சத்தம்.

“வந்துட்டேன் நீட்டு ரோட்டுக்கு” என்றது போன். “கண்ணாடில தெரியுறீங்க. நேரா வா. ஸ்டியரிங்க ஆட்டாத. நான் நாப்பத்தஞ்சு. வா வா வா.”

வேனுக்குள் நிழல் விழுந்தது. லாரியின் நிழல். கூடவே ஊறின தோலின் நாற்றம் குப்பென்று உள்ளே வந்தது. வாழ்நாளெல்லாம் மூக்கைப் பொத்திக்கொண்டு கடந்த நாற்றம். அன்று அதை ஆழமாக இழுத்தேன். அப்பாடா, பக்கத்தில் வந்துவிட்டோம்.

இடித்தது.

மேலே கண்ணாடியில் ‘சடக்’ என்று விரிசல் விழுந்தது. முதுகில் யாரோ மணைப்பலகையால் தட்டியது மாதிரி ஒரு தட்டு. அவ்வளவுதான். ஆனால் உடனே நிழல் விலகி, வெயில் மறுபடி உள்ளே வந்தது.

“விலகுது! விலகுது!” என்று சாலமன் அண்ணன் கத்தினார்.

“விலகட்டும். திரும்ப வருவ” என்றது போன்.

எனக்கு உடம்பெல்லாம் சிலிர்த்தது. நம்புவீர்களா, பயத்தில் இல்லை. தட்டினதும் எங்களிடமிருந்து கொஞ்சம் உந்தம் அவருக்குப் போயிருக்கிறது. அதனால் அவர் முன்னால் ஓடுகிறார், நாங்கள் பின்தங்குகிறோம். சரிவு எங்களை மறுபடி அவரிடம் கொண்டுவரும். டங். யார்டுக்குப் பக்கத்தில் நின்று நான் கேட்ட அதே சத்தத்துக்குள் நான் உட்கார்ந்திருக்கிறேன்!

“ஒண்ணுமில்லண்ணே, நேரா விடுங்க, இப்ப இன்னும் மெதுவா தொடும்!” என்று கத்தினேன்.

மெதுவாகத்தான் தொட்டது. மறுபடி விலகியது, ஒரு முழம்கூட இருக்காது. மூன்றாவது தடவை தொட்டதும் விலகவில்லை. லாரியின் அடிக்கம்பியில் எங்கள் முன்பக்கத் தகரம் மடங்கி ஏறி உட்கார்ந்துவிட்டது. உப்புத் தண்ணீர் கண்ணாடியில் வழிந்து விரிசல் வழியாகச் சொட்டியது. சாலமன் அண்ணன் வைப்பரைப் போட்டார்.

“ஒட்டிக்கிச்சு!” என்றேன் போனில். “புடிங்கண்ணே. மெதுவா.”

“புடிக்கிறேன்.”

‘ப்ஸ்ஸ்’ என்று காற்று விடும் சத்தம். என் முதுகு டாஷ்போர்டுக்குள் அழுந்தியது. கொஞ்சம் விட்டார். மறுபடி பிடித்தார். தகரம் முனகிக்கொண்டே மடங்கியது. பின்னால் சீட்டுகள் எல்லாம் இருபது முதுகுகளைத் தாங்கிக் கிறீச்சிட்டன. பிரேக் கருகும் நெடி தோல் நாற்றத்தோடு கலந்தது. கன்னியம்மாக்கா சாமி பேரை எல்லாம் வரிசையாகக் கூப்பிட்டாள். சாலமன் அண்ணன் ‘இயேசப்பா, இயேசப்பா’ என்று பல்லுக்குள் சொல்லிக்கொண்டே ஸ்டியரிங்கைப் பிடித்திருந்தார். இரண்டு கையும் வெளுத்துப் போயிருந்தன.

முதுகை அழுத்தியது திடீரென்று காணாமல் போனது.

நின்றுவிட்டோம்.

ஒரு குருவிச் சத்தம் கேட்டது. உப்புத் தண்ணீர் சொட்டும் சத்தம் கேட்டது. யாரும் அசையவில்லை. பிறகு கன்னியம்மாக்கா வீறிட்டாள்: “கல்லு! எறங்கி சக்கரத்துக்குக் கல்லு வைங்கடி!”

பட்டுப்புடவையோடு இருபது பேர் குதித்தார்கள். ஒரு சக்கரத்துக்கு ஐந்தாறு கல்.

இறங்கி வந்தவர்

தண்டபாணி அண்ணன் லாரியிலிருந்து இறங்கி வந்தார். ஒல்லியான ஆள், நாற்பது வயதிருக்கும். கட்டம் போட்ட லுங்கி, தோளில் துண்டு. குடியாத்தத்தில் பவர் லூம் வைத்திருக்கிற குடும்பமாம். தறிச் சத்தம் பிடிக்காமல் லாரிக்கு வந்தாராம். போனில் அத்தனை அமைதியாகப் பேசியவருக்கு, இறங்கியபின் பிடிமானம் வேண்டியிருந்தது. லாரியின் பக்கவாட்டைப் பிடித்துக்கொண்டே நடந்தார்.

முதலில் எங்களைப் பார்க்கவில்லை. லாரிக்கு முன்னால் போய் அங்கிருந்து கொண்டை ஊசி வரை அடி வைத்து நடந்து பார்த்தார். திரும்பி வந்தார்.

“நாப்பது அடி” என்றார்.

பிறகு, “போன்ல பேசுனது யாரு?” என்று கேட்டார்.

எல்லோரும் என்னைக் காட்டினார்கள்.

“டிரைவிங் தெரியுமா உனக்கு?”

“தெரியாதுண்ணே.”

“அப்பறம் எப்டி சொன்ன, வேகமா போன்னு? எவன் கேட்டாலும் நிறுத்து நிறுத்துன்னுதானே கத்துவான்?”

சொல்ல வாயெடுத்தேன், அழுகைதான் வந்தது. செல்விதான் பதில் சொன்னாள். “அவங்க டீச்சர்ண்ணே.”

அவர் தலையாட்டினார். மடங்கிப்போன எங்கள் வேன் மூஞ்சியைக் கையால் தடவிப் பார்த்தார். மெல்லச் சொன்னார்:

“பொய் சொல்லக்கூடாது. வேகமா போன்னு நீ சொன்னப்ப ஒண்ணு தோணிச்சு. அப்டியே வேகமா போய்ட்டா, நான் தப்பிச்சிக்குவேன். எம்மேல எதுக்கு விழணும், பேஜாரு. அதான் எத்தினி பேருன்னு கேட்டேன்.”

“ரெண்டு பேருன்னு சொல்லியிருந்தா?” என்று கன்னியம்மாக்கா கேட்டாள்.

அவர் யோசித்தார். மழுப்பவில்லை. “தெரிலக்கா” என்றார்.

கன்னியம்மாக்கா அவரை அப்படியே ரோட்டோரக் கல்லில் உட்கார வைத்து, புளிசாத மூட்டையைப் பிரித்தாள். அவர் வேண்டாம் வேண்டாம் என்றார். அவள் கேட்கவில்லை. இருபத்தோரு பெண்கள் சுற்றி நின்று ஒரு மனுஷன் சாப்பிடுவதைப் பார்த்துக்கொண்டிருந்தோம். ஆளாளுக்கு லட்டு வைத்தார்கள், முறுக்கு வைத்தார்கள். சாலமன் அண்ணன் மட்டும் இன்னும் வேனில் இருந்தார். ஸ்டியரிங்கில் தலையைச் சாய்த்து அழுதுகொண்டிருந்தார். தண்டபாணி அண்ணன் கையைக் கழுவிக்கொண்டு போய் அவர் பக்கத்தில் ஏறி உட்கார்ந்தார். இருவரும் என்ன பேசினார்கள் என்று எங்களுக்குக் கேட்கவில்லை.

பேரணாம்பட்டிலிருந்து வேறு வண்டி வந்து எங்களை ஏற்றிக்கொண்டது. பிரேக் ஆயில் போகிற குழாயில் விரிசல் என்று மெக்கானிக் பிறகு சொன்னார். காயம் என்று பார்த்தால், ஒருத்திக்கு நெற்றியில் சின்னக் கீறல், உடைந்த வளையல் பட்டது. மண்டிக்கார அம்மா அன்று சாயங்காலமே எனக்குப் போன் செய்தார். “எல்லாரும் ஊடு போய் சேந்தீங்களா?” என்று மட்டும் கேட்டார். நான் நன்றி சொல்ல ஆரம்பித்ததும் வைத்துவிட்டார்.

வேகம் எங்கே போச்சு?

மறுநாள் திங்கட்கிழமை. வேலைக்குப் போகாமல் யாரும் வீட்டில் இருக்கவில்லை. வீட்டில் இருந்தால் பைத்தியம் பிடித்துவிடும் போலிருந்தது. டீ டைமில் கேண்டீன் பெஞ்சில் எல்லோரும் என்னைச் சூழ்ந்துகொண்டார்கள்.

“நீ இன்னா கணக்கு போட்ட, சொல்லு” என்றாள் செல்வி.

இரண்டு டிபன் பாக்ஸை எடுத்து எவர்சில்வர் மேஜையில் சறுக்கவிட்டுக் காட்டினேன். நிற்கிற பாக்ஸில் இன்னொன்றை மோதவிட்டால் ‘டமார்’. இரண்டையும் ஒரே பக்கமாகச் சறுக்கவிட்டு ஒன்று மற்றதைப் பிடித்தால் சத்தமே இல்லை. ஒன்றின் வேகம் மற்றதற்குப் போகும், அழியாது என்றும் சொன்னேன். எல்லோரும் ஆளுக்கொரு பாக்ஸைச் சறுக்கவிட ஆரம்பித்தார்கள். ரசம் கொட்டியது. யாரும் கவலைப்படவில்லை. ஒருத்தி பாக்ஸுக்குள் எலுமிச்சம்பழத்தை வைத்து, “இது நானு” என்று மோதவிட்டுப் பார்த்தாள். பழம் முன்னால் உருண்டு போய் இடித்தது. “அய்யோ, அதான் திரும்பி உக்காரச் சொன்னியா!” என்று என் தோளில் ஒரு போடு போட்டாள்.

செல்வி மட்டும் பாக்ஸைத் தொடவில்லை. கன்னத்தில் கைவைத்து யோசித்துக்கொண்டிருந்தாள்.

“டீச்சர், நம்ம வேகம் லாரிக்குப் போச்சுன்ன. சரி. அழியாதுன்னும் சொன்ன. லாரியும்தான் நின்னுட்ச்சு. அப்ப அது எங்க போச்சு?”

படிக்கிற காலத்தில் என்கூட இருந்தவர்கள் யாரும் இப்படிக் கேட்டதில்லை. நானும் கேட்டதில்லை.

“லாரி டயரு ரோட்ட முன்னாடி தள்ளிச்சு. அதுக்குப் போச்சு.”

“ரோடு எங்க நகந்துது?”

“ரோடு மலையோட ஒட்டியிருக்குது. மலைக்குப் போச்சு.”

“மலை?”

“மலை பூமியோட இருக்குது.”

டிபன் பாக்ஸ் சறுக்கும் சத்தம் நின்றது.

“அப்ப பூமிய தள்ளியிருக்கோம்” என்றாள் செல்வி. கேள்வியாக இல்லை.

“தள்ளியிருக்கோம். அது அவ்ளோ பெருசு, எவ்ளோ நகந்துதுன்னு யாராலயும் அளக்க முடியாது. ஆனா தள்ளுனது நெஜம்.”

“அதான் எனக்கு இடுப்பு புடிச்சிக்கினு இருக்குது” என்றாள் கன்னியம்மாக்கா.

சிரித்துச் சிரித்து எங்களுக்குக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. பக்கத்து மேஜைக்காரர்கள் திரும்பிப் பார்த்தார்கள். செல்வி சிரிக்கவில்லை. எழுந்து நின்றாள். செருப்பைக் கழற்றி ஓரமாக வைத்தாள். புடவையைக் கொஞ்சம் தூக்கிப் பிடித்துக்கொண்டு, வலது காலால் சிமென்ட் தரையில் ஓங்கி ஒரு மிதி மிதித்தாள்.

“இப்போ?” என்றாள்.

“நகந்திருக்கும்” என்றேன்.

அடுத்த நொடி அத்தனை பேரும் எழுந்துவிட்டார்கள். செருப்புகள் பறந்தன. கன்னியம்மாக்கா ஒன்று, இரண்டு, மூன்று என்று எண்ணினாள். இருபத்தோரு பேரும் சேர்ந்து மிதித்தோம். மேஜைமேல் இருந்த டீ கிளாஸெல்லாம் ஒரே நேரத்தில் ஒரு துள்ளு துள்ளியது. சூப்பர்வைசர் என்னவோ ஏதோவென்று வாசலுக்கு ஓடிவந்தார்.

“இன்னா நடக்குது இங்க?” என்றார்.

அதற்குள் கன்னியம்மாக்கா மறுபடி எண்ண ஆரம்பித்திருந்தாள்.